ரம் ஆறு: மில் லாக்ஸ் முதல் அனோக்கா வரை, அப்புறம் அந்தப் பெயர்

வடகரை எழுதியது:

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் மில் லாக்ஸ் ஏரியில் புறப்பட்டு அனோக்காவில் மிசிசிப்பியோடு கலக்கிற ரம் ஆற்றுக்கு இங்கே தனி இழை இல்லை. மிசிசிப்பியைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறோம், இந்தச் சின்ன ஆற்றை யாரும் தொடவில்லை. நீளம் சுமார் 150 மைல்தான். ஆனால் கரையோர ஊர்ப்பெயர்களை மேலிருந்து கீழே படித்துக்கொண்டே வந்தால் டகோட்டா, ஒஜிப்வே என்ற பழங்குடி மக்கள், பிரெஞ்சுப் பாதிரிகள், ஆங்கில வணிகர்கள் என்று எல்லாரும் அதில் இருக்கிறார்கள்.

இரண்டு விஷயம் பேசலாம். ஏரிக்கும் அனோக்காவுக்கும் நேர்க்கோட்டில் 70 மைல்கூட இல்லை. ஆறு ஏன் இருமடங்கு சுற்றிப் போகிறது? இரண்டாவது, ஒரு மதுவின் பெயர் ஆற்றுக்கு எப்படி வந்தது? பெயரை மாற்ற வேண்டும் என்ற கோரிக்கை பல ஆண்டுகளாக இருக்கிறது. மாற்றத்தான் வேண்டும் என்பது என் கருத்து. மறுப்பவர்களும் வாருங்கள்.


துடுப்பன் எழுதியது:

முதல் கேள்விக்குப் படகிலிருந்து பதில் சொல்கிறேன். இது ஒரே ஆறு மாதிரி இருக்காது, மூன்று தனித்தனி ஆறுகள் மாதிரி இருக்கும்.

ஏரியின் தென்மேற்கு மூலையில் வெளியே வந்த உடனே அது ஆறாக ஓடுவதில்லை. ஒகீச்சி, ஷாக்கபி, ஒனேமியா என்று மூன்று சிறிய ஏரிகளுக்குள் நுழைந்து நுழைந்து வெளியே வருகிறது. ஆழமில்லாத, சேற்றடி ஏரிகள். காட்டரிசி, அதாவது நீரில் தானாக விளையும் ஒரு தானியம், வளர அதைவிட நல்ல இடம் கிடையாது. இரண்டு பேர் கனூ என்ற ஒடுங்கிய சிறு படகில் போய், ஒருவர் நீண்ட கழியால் படகைத் தள்ள, மற்றவர் இரண்டு குச்சிகளால் கதிரை வளைத்துத் தட்டிப் படகுக்குள் உதிர்ப்பார்கள். ஒஜிப்வே மக்கள் இன்றும் அப்படித்தான் அறுவடை செய்கிறார்கள். போன நூற்றாண்டில் ஒகீச்சியின் நீர்மட்டத்தை ஒரு சிறு அணை உயர்த்திவிட, அரிசி அங்கே நசிந்துபோனது. பிறகு மட்டத்தைத் திரும்ப இறக்க வேலை நடந்தது. காட்டரிசிக்கு நீர் ஒரு முழம் கூடினாலே தாங்காது.

ஒனேமியாவுக்குக் கீழே ஆறு கற்களுக்குள் விழுகிறது. மிலாக்கா, பிரின்ஸ்டன் வரைக்கும் உருண்டைப் பாறைகள், சின்னச் சின்ன விரைவோட்டங்கள். ஆகஸ்டில் ஏரி மட்டம் குறைந்துவிட்டால் இங்கே படகின் அடி தேயும், இறங்கி இழுக்க வேண்டும். பிரின்ஸ்டனில் மேற்குக் கிளை வந்து சேர்கிறது. அதற்கப்புறம் கேம்பிரிட்ஜ், ஐசான்டி, செயின்ட் பிரான்சிஸ் என்று முழுக்க மணல். நீங்கள் கேட்ட சுற்றல் எல்லாம் இந்தப் பகுதியில்தான். வெளி வளைவில் கரை செங்குத்தாக அறுந்து நிற்கும், சில்வர் மேப்பிள் மரங்கள் வேர் தெரிய ஆற்றுக்குள் சாய்ந்திருக்கும். உள் வளைவில் மணல் திட்டு. புதிதாகப் போகிறவர்கள் வெளி வளைவில் விழுந்து கிடக்கும் மரங்களிடம் எச்சரிக்கையாக இருங்கள். நீரோட்டம் கிளைகளுக்கு அடியில் புகுந்து போகும், படகு போகாது. வளைவுக்கு முன்னாலேயே உள்பக்கம் ஒதுங்கிவிட வேண்டும்.

அனோக்கா ஊருக்குள் ஓர் அணை குறுக்கே நிற்கிறது. அதைச் சுற்றிப் படகைத் தூக்கிக்கொண்டு போனால் மிசிசிப்பி.


மணற்படுகை எழுதியது:

துடுப்பன் அண்ணா சொன்ன அந்த வேறுபாடு பனியுகத்தின் வேலை. கடைசிப் பனியாறு சுப்பீரியர் ஏரிப் பக்கமிருந்து இறங்கி வந்து நின்ற இடத்தில், அது சுமந்துவந்த கல்லும் களிமண்ணும் வில் மாதிரி ஒரு மேடாகக் கொட்டிக் கிடந்தது. மில் லாக்ஸ் ஏரியை அடைத்து வைத்திருக்கும் கரை அந்த மேடுதான். அதனால்தான் ஏரி அவ்வளவு அகலம், ஆனால் ஆழமில்லை. பரப்பு 1,32,000 ஏக்கருக்கு மேல், மிக ஆழமான இடமே 42 அடி.

ஆறு அந்த மேட்டை அறுத்துக்கொண்டு இறங்கும்வரை கற்கள் அதிகம். பிரின்ஸ்டனுக்குக் கீழே வேறொரு பனி நாக்கின் உருகுநீர் பரப்பிவிட்டுப் போன சமவெளி. அனோக்கா மணற்சமவெளி என்பார்கள். மணல் கரை எளிதில் அறுபடும், அறுபட்ட மணல் அடுத்த வளைவின் உள்பக்கம் படியும், வளைவு இன்னும் பெருக்கும். ஏரியிலிருந்து வாய்வரை மொத்த இறக்கம் ஏறக்குறைய 400 அடிதான். அதில் பெரும்பங்கை மேல்பகுதியே எடுத்துக்கொள்கிறது. மிச்சமுள்ள சரிவு குறைவு என்பதால் கீழே ஆறு அவசரமில்லாமல் அலைகிறது.


நூலகவாசி எழுதியது:

பெயர் விஷயத்துக்கு வருகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஏரிக்கு டகோட்டா மொழியில் ம்டே வகான் என்று பெயர். ம்டே என்றால் ஏரி. வகான் என்பதற்குப் புனிதம், மறைபொருள், மனித அறிவுக்கு எட்டாத ஆற்றல் என்று பல அடுக்குகள் உண்டு. ஏரிக்கரையில் வாழ்ந்த டகோட்டா மக்களுக்கே ம்டெவாகான்டன் என்ற பெயர் அதிலிருந்து வந்தது. ஆறும் அதே சொல்லால் அழைக்கப்பட்டது: வாக்பா வகான்.

1679 ஜூலையில் பிரெஞ்சுக்காரர் தூ லூத், ஏரிக்கரையில் இருந்த பெரிய டகோட்டா ஊருக்கு வந்து பிரான்ஸ் அரசனின் சின்னத்தை நட்டார். அந்த ஊரை அவர் எழுதிவைத்த பெயர் இசாட்டிஸ். மறு ஆண்டு, 1680இல், பாதிரியார் ஹென்னபின் மிசிசிப்பியில் போய்க்கொண்டிருக்கும்போது டகோட்டா வீரர்களிடம் பிடிபட்டு இதே ஏரிக்குக் கொண்டுவரப்பட்டார். அந்தக் கோடையில் தூ லூத் அவரை மீட்டார். தெற்கே உள்ள அருவிக்கு செயின்ட் ஆன்டனி என்று பெயர் வைத்தது ஹென்னபின்தான். நம் ஆற்றுக்கு அவர் வைத்த பெயர் செயின்ட் பிரான்சிஸ், அவருடைய துறவற சபையை நிறுவியவரின் பெயர். ஆனால் அது இந்த ஆற்றில் நிலைக்கவில்லை. பின்னால் வந்த வரைபடக்காரர்கள் பெயரை மேற்கே தள்ளிவிட்டார்கள். இன்றைக்கு செயின்ட் பிரான்சிஸ் ஆறு என்பது எல்க் ஆற்றில் சேரும் வேறொரு சிற்றாறு. அதே பெயருள்ள ஊர் மட்டும் ரம் ஆற்றங்கரையில் இருக்கிறது.

ரம் என்ற பெயர் ஆங்கில வணிகர்களின் வாயிலிருந்து வந்தது. வகான் என்பதை ஆங்கிலத்தில் ஸ்பிரிட் என்றார்கள். அந்தச் சொல்லுக்கு ஆவி என்றும் பொருள், மது என்றும் பொருள். அங்கிருந்து ரம்முக்குத் தாவிவிட்டார்கள். 1766இல் ஜானதன் கார்வர் என்ற பயணி வந்தபோதே இந்தப் பெயர் புழக்கத்தில் இருந்தது. 1805இல் வந்த பைக் என்ற அமெரிக்க ராணுவ அதிகாரியும் அதே பெயரைத்தான் கேட்டார்.

காலத்தைக் கவனியுங்கள். பிரெஞ்சு வணிகர்கள் கொண்டுவந்தது பிராந்தி. ரம் என்பது வெல்லப்பாகிலிருந்து வடித்த சாராயம், ஆங்கிலேயர்களின் சரக்கு. 1763 பாரிஸ் ஒப்பந்தத்தில் மிசிசிப்பிக்குக் கிழக்கே உள்ள நிலம் பிரிட்டனுக்குப் போனது. இந்த ஆறு மிசிசிப்பியின் கிழக்குப் பக்கம். கார்வர் வந்தது அதற்கு மூன்றே ஆண்டு கழித்து. பெயரிலேயே யாருடைய பீப்பாய் ஆற்றில் வந்தது என்று தெரிகிறது.

1823இல் மேஜர் லாங்கின் பயணத்தில் உருவான வரைபடம் ஏரிக்கு ஸ்பிரிட் என்றும் ஆற்றுக்கு ரம் என்றும் போட்டது. 1843இல் வெளியான, நிலவரைஞர் நிக்கலேயின் வரைபடத்தில் இஷ்கோடே வாபோ அல்லது ரம் ஆறு என்று இருக்கிறது. இஷ்கோடே வாபோ என்பது ஒஜிப்வே மொழியில் நெருப்புத் தண்ணீர், அதாவது சாராயம். ஆங்கிலேயர்கள் திரித்த பெயர், அப்போது அங்கே வாழ்ந்த இன்னொரு மக்களின் மொழிக்குள்ளும் மொழிபெயர்ந்து நுழைந்துவிட்டது. ஒஜிப்வே மக்களுக்கு இந்த ஆற்றுக்கென்று சொந்தப் பெயர் ஏற்கெனவே உண்டு: மிசி-ஸாகஇகனி-ஸீபி, பேரேரியின் ஆறு. என்னை மிகவும் உறுத்துவது இந்த 1843 வரைபடம்தான்.


ஐசான்டிக்காரன் எழுதியது:

நான் இந்த ஆற்றோரம் குடியிருக்கிறேன், மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். இங்கே பள்ளி, பூங்கா, கடை, மாநிலக் காடு என்று எல்லாவற்றிலும் ரம் ரிவர் என்ற பெயர் இருக்கிறது. பிள்ளைகள் அதைச் சொல்லும்போது யாருக்கும் புட்டி ஞாபகம் வருவதில்லை. 250 ஆண்டு புழங்கிய பெயர் அது.

அதோடு, தவறான பெயர் என்று பார்க்கப் போனால் இந்தப் பள்ளத்தாக்கில் எதுதான் சரியான பெயர்? மில் லாக்ஸ் என்றால் பிரெஞ்சில் ஆயிரம் ஏரிகள். அந்த வட்டாரத்துக்கே இருந்த பெயர் ஒரே ஏரியில் ஒட்டிக்கொண்டது. அதைக் குறுக்கி ஒரு ஊருக்கு மிலாக்கா என்று வைத்தார்கள். கத்தியோ மாநிலப் பூங்கா இருக்கிறதே, அது தூ லூத்தின் கையெழுத்தைத் தவறாகப் படித்ததால் வந்தது. இசாட்டிஸ் (Izatys) என்பதன் முதலிரண்டு எழுத்துகளை யாரோ K என்ற ஒரே எழுத்தாகப் படித்ததில் கத்தியோ ஆகிவிட்டது. எங்கள் ஐசான்டியும் அதே டகோட்டாப் பெயரின் வேறு எழுத்துக்கூட்டல்தான். இத்தனையையும் திருத்தப் போகிறோமா?


வடகரை எழுதியது:

ஐசான்டிக்காரன் அண்ணா, நீங்கள் அடுக்கிய பட்டியல் என் வாதத்துக்குத்தான் பலம் சேர்க்கிறது. கத்தியோ, மிலாக்கா, ஐசான்டி மூன்றும் காது தவறியதால், கண் தவறியதால், நாக்கு சோம்பியதால் வந்தவை. அவற்றைப் பிரித்துப் பார்த்தால் உள்ளே பழைய சொல் அப்படியே கிடக்கிறது. யாருக்கும் அதில் இழிவு இல்லை. கத்தியோவை யாரும் மாற்றச் சொல்லவுமில்லை. 1964 முதல் அது தேசிய வரலாற்றுச் சின்னம். பூங்காவுக்குள் பெடாகா முனையில் ஆயிரக்கணக்கான ஆண்டு பழைய செப்புக் கருவிகள் கிடைத்திருக்கின்றன. பெயர் கோணலானாலும் இடத்தின் மதிப்பு குறையவில்லை.

ரம் அப்படி வந்ததில்லை. ஒரு மக்கள் புனிதம் என்று சொன்ன ஆற்றை, அவர்களிடம் விலங்குத் தோல் வாங்கப் பீப்பாய் கொண்டுவந்தவர்கள் அந்தப் பீப்பாயின் பெயரால் அழைத்தார்கள். அந்தச் சரக்கு இங்கே குடும்பங்களை அழித்தது. இதைப் பிழை என்று சொல்லிக் கடந்துபோக என்னால் முடியவில்லை. பிள்ளைகளுக்குப் புட்டி ஞாபகம் வரவில்லை என்பது உண்மை. ஏரிக்கரையில் வளரும் ஒஜிப்வே பிள்ளைக்கும் பிரெய்ரி ஐலண்டில் வளரும் டகோட்டாப் பிள்ளைக்கும் வரவில்லை என்று நாம் சொல்ல முடியாது.


துடுப்பன் எழுதியது:

நடுவில் ஒரு விஷயம், பைன் மரங்களைப் பற்றிப் பேசாமல் இந்த ஆற்றைப் பேச முடியாது. மினசோட்டாவின் வணிக மரவெட்டில் இந்த ஆற்றுக்குப் பெரிய பங்கு உண்டு. 1837 ஒப்பந்தங்களில் டகோட்டாவும் ஒஜிப்வேயும் நிலத்தை விட்டுக்கொடுத்த பிறகு இந்தக் காடு திறந்துவிடப்பட்டது. 1847இல் ஃபிராங்க்ளின் ஸ்டீல் என்பவருக்காக டேனியல் ஸ்டாஞ்ச்ஃபீல்ட் இந்த ஆற்றில் மேலே ஏறிப் பார்த்துவிட்டு, எழுபது ஆலைகள் எழுபது ஆண்டு அறுத்தாலும் இங்குள்ள வெள்ளை பைன் தீராது என்று சொன்னார். அந்த நூற்றாண்டு முடிவதற்குள் கிட்டத்தட்ட எல்லாம் தீர்ந்துவிட்டது. கட்டைகள் இதே வளைவுகளில் மிதந்து செயின்ட் ஆன்டனி அருவி ஆலைகளுக்குப் போயின. இன்று கரையில் நாம் பார்க்கும் மேப்பிளும் ஓக்கும் அதற்குப் பின் வளர்ந்தவை. 1978இல் மாநிலம் இதை இயற்கை எழில் ஆறுகளில் ஒன்றாக அறிவித்துக் கரையோரக் கட்டடங்களுக்குக் கட்டுப்பாடு வைத்தது. அதனால்தான் மினியாப்பொலிசுக்கு இவ்வளவு பக்கத்தில் இருந்தும் பல இடங்களில் வீடே தெரியாமல் போக முடிகிறது.


கயல் எழுதியது:

வடகரை சொல்வதோடு எனக்கு உடன்பாடு. ஆனால் மாற்ற வேண்டும் என்று சொல்லும் பலர் தாண்டிப் போகிற கேள்வி ஒன்று உண்டு: எந்தப் பெயருக்கு மாற்றுவது?

வாக்பா வகான் டகோட்டாப் பெயர். ஆனால் 18ஆம் நூற்றாண்டிலேயே ஏரிப்பகுதி ஒஜிப்வே மக்கள் கைக்கு வந்துவிட்டது. 1862இல் டகோட்டா மக்களுக்கும் அமெரிக்க அரசுக்கும் நடந்த போருக்குப் பின் டகோட்டா மக்களை மினசோட்டாவை விட்டே வெளியேற்ற அமெரிக்க காங்கிரஸ் 1863இல் சட்டம் போட்டது. அந்தப் போரில் சேராமல் இருந்த மில் லாக்ஸ் ஒஜிப்வே மக்களுக்கு, நீங்கள் இங்கிருந்து கிளம்ப வேண்டியதில்லை என்று 1863, 1864 ஒப்பந்தங்களில் வாக்குக் கொடுத்தார்கள். கொடுத்த பிறகும் மரவணிகர்களும் குடியேறியவர்களும் அவர்களை விரட்டப் பார்த்தார்கள், நிலத்தைப் பறித்தார்கள். ஒரு பகுதி மக்கள் அசையாமல் தங்கிவிட்டார்கள். 1837 ஒப்பந்தத்தின்படி வேட்டையாடவும் மீன்பிடிக்கவும் அவர்களுக்கு இன்றும் உரிமை உண்டு என்று 1999இல் உச்சநீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. அந்த வழக்கு நடந்த ஆண்டுகளில் வால்ஐ மீனுக்காக ஏரிக்கரையில் எவ்வளவு கசப்பு இருந்தது என்பது இந்தப் பக்கத்து ஆட்களுக்குத் தெரியும்.

இப்போது அந்தக் கரையில் வாழ்கிறவர்களின் மொழியில் ஆற்றுக்கு நல்ல பெயர் ஒன்று இருக்கிறது. அதைக் கேட்காமல் டகோட்டாப் பெயரை மட்டும் வைத்தால் ஒரு தவறைத் திருத்தி இன்னொன்றைச் செய்ததாகிவிடும். ஒஜிப்வே பெயரை மட்டும் வைத்தால், வகான் என்ற சொல்லைத் திரித்துத்தான் இந்த அவமதிப்பு நடந்தது என்பதே மறைந்துபோகும். இதை நீங்களும் நானும் ஓட்டுப் போட்டு முடிவு செய்யக் கூடாது.


ஐசான்டிக்காரன் எழுதியது:

கயல் சொன்னது நியாயம். 1843 வரைபடம் எனக்குப் புதுச் செய்தி, அது மனத்தைக் கொஞ்சம் அசைக்கிறது. ஆனால் நடைமுறையில் ஓர் ஆற்றின் பெயரை மாற்றுவது சாத்தியமா? மினசோட்டாவில் 40 ஆண்டு புழங்கிய பெயரைத் தொடவே கூடாது என்று ஒரு சட்டம் இருப்பதாகக் கேள்விப்பட்டேன்.


நூலகவாசி எழுதியது:

சாத்தியம்தான், இதைவிடப் பெரிய ஆற்றுக்கே நடந்திருக்கிறது. இன்றைய மினசோட்டா ஆறு வெகுகாலம் செயின்ட் பீட்டர்ஸ் ஆறாக இருந்தது. மினசோட்டா பிரதேசச் சட்டமன்றம் டகோட்டாப் பெயரே வேண்டும் என்று கேட்க, 1852இல் அமெரிக்க காங்கிரஸ் மாற்றிக் கொடுத்தது. வரைபடம் எல்லாவற்றிலும் பழைய பெயர் ஏறிய பிறகுதான் அதைச் செய்தார்கள். அந்த மாற்றம் நடந்ததால்தான் இன்று மாநிலத்துக்கும் ஆற்றுக்கும் ஒரே பெயர்.

1995இல் பழங்குடிப் பெண்களை இழிவாகக் குறிக்கும் ஒரு சொல்லை எல்லா இடப்பெயர்களிலிருந்தும் நீக்கச் சொல்லி மினசோட்டா சட்டம் போட்டது. அதைக் கிளப்பியது காஸ் லேக் பள்ளி மாணவிகள் இருவர். அதே சொல்லை 2022இல் உள்துறை அமைச்சகம் நாடு முழுவதும் சுமார் 650 இடங்களிலிருந்து நீக்கியது. ரம் என்பது அந்த மாதிரி வசைச்சொல் இல்லை. அதனால் அந்தச் சட்டங்கள் இங்கே பொருந்தாது. தனி மனுதான் போக வேண்டும்.

அந்த 40 ஆண்டு விதி உண்மையில் இருக்கிறது. ஆனால் அது யாரைக் கட்டுப்படுத்துகிறது என்பதில்தான் வழக்கே நடந்தது. மினியாப்பொலிசில் கால்ஹூன் ஏரி, அடிமை முறையை ஆதரித்த அரசியல்வாதியின் பெயரில் இருந்தது. 2018இல் மாநில இயற்கைவளத் துறையும் பிறகு கூட்டாட்சிப் பெயர் வாரியமும் அதை ப்டே மகா ஸ்கா என்ற டகோட்டாப் பெயருக்கு மாற்றின. 40 ஆண்டு விதியைக் காட்டி அதை எதிர்த்தார்கள், 2019இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. 2020 மே மாதம் மாநில உச்சநீதிமன்றம் அதைப் புரட்டியது. விதி மாவட்ட வாரியங்களுக்குத்தான், இயற்கைவளத் துறை ஆணையருக்கு இல்லை என்பது அந்தத் தீர்ப்பு.

வழக்கமான பாதை, மாவட்டத்தின் வாக்காளர்கள் 15 பேராவது கையெழுத்திட்டு மாவட்ட வாரியத்துக்கு மனுக் கொடுப்பது. இந்த ஆறு மில் லாக்ஸ், ஐசான்டி, அனோக்கா என்று பல மாவட்டங்களைக் கடப்பதால் ஒரு வாரியத்தோடு வேலை முடியாது. 40 ஆண்டு விதியும் வாரியங்களின் கையைக் கட்டுகிறது. ஆகவே ஆணையர்தான் வழி. மக்களின் ஆதரவு இல்லாமல் அவரும் தொடமாட்டார், அது வேறு விஷயம்.

பள்ளியும் கடையும் பெயரை மாற்ற வேண்டுமா என்று கேட்பீர்கள். வேண்டியதில்லை. அரசு வரைபடமும் பலகைகளும்தான் மாறும்.


ஐசான்டிக்காரன் எழுதியது:

விளக்கத்துக்கு நன்றி அக்கா. என் நிலையைச் சொல்லிவிடுகிறேன். மில் லாக்ஸ் ஒஜிப்வே அரசும் டகோட்டா அரசுகளும் உட்கார்ந்து பேசி, ஒரு பெயரோ இரண்டு பெயரோ, இதுதான் வேண்டும் என்று ஒன்றாகக் கேட்டால் எங்கள் மாவட்டத்தில் அந்த மனுவில் கையெழுத்துப் போடுவேன், பக்கத்து வீடுகளிலும் கேட்டு வாங்கித் தருவேன். நம்மைப் போல வெளியிலிருந்து வந்தவர்கள் தாங்களே ஒரு பெயரைத் தேர்ந்தெடுத்து முன்னால் போனால் போடமாட்டேன்.


வடகரை எழுதியது:

எனக்கும் அந்த நிபந்தனை சரி. இழை திறந்திருக்கட்டும். ஒஜிப்வே, டகோட்டா உச்சரிப்பு நன்றாகத் தெரிந்தவர்கள் இருந்தால் மேலே தமிழில் எழுதிய பெயர்களைத் திருத்திக் கொடுங்கள். துடுப்பன் அண்ணா, கேம்பிரிட்ஜிலிருந்து செயின்ட் பிரான்சிஸ் வரை போக நினைக்கிறவர்களுக்கு எங்கே படகு இறக்கலாம் என்று ஒரு குறிப்பு போடுங்கள்.